இரண்டு ஆண் சாரைகளும் ஒரு புதுச் சேலையும்

என் மாமியார் தன் புதுச் சேலையை வீசிப் பாம்புகளின் மேல் போட்ட அதே காலையில், நான் பள்ளிக்கூடத்தில் இராஜநாகம் எப்படி இணை சேர்கிறது என்று பாடம் நடத்திக்கொண்டிருந்தேன். பிறகு இதை யாரிடம் சொன்னாலும், கதைக்காகச் சேர்த்துச் சொல்கிறேன் என்றே நினைக்கிறார்கள்.

நான் நமுனுகுல மலைச்சரிவிலுள்ள ஒரு தோட்டப் பாடசாலையில் விஞ்ஞான ஆசிரியை. பிறந்தது அப்புத்தளைப் பக்கம். கல்யாணம் முடித்து இந்தத் தோட்டத்துக்கு வந்தவள். என் கணவர் வெலிமடையிலிருந்து லீக்ஸும் கரட்டும் ஏற்றிப் போகும் லொறிக்குச் சாரதி. அவருடைய அம்மாவை நான் அத்தை என்று கூப்பிடுவேன். அத்தை இன்றைக்கும் கொழுந்து எடுக்கிறார். தொழிலாளர் வரிசைக் குடியிருப்பான லயத்தில் இரண்டு காம்பரா அறைகளை ஒன்றாக்கிக் கட்டிய வீட்டில் மூன்று பேரும் இருக்கிறோம். அது எங்களுக்குக் கல்யாணமாகி ஆறாவது வருஷம். பிள்ளை இல்லை. இதை நானாக யாருக்கும் சொல்ல வேண்டி வந்ததே இல்லை. நான் ஒரு வீட்டு வாசலுக்குப் போய்ச் சேருமுன்னே அந்தச் செய்தி அங்கே போய் உட்கார்ந்திருக்கும்.

இனப்பெருக்கம் பாடம் வந்தாலே வகுப்பு கெட்டுவிடும். மனிதரைப் பற்றிய படத்தைத் திறந்தால் பெண் பிள்ளைகள் தலையைக் குனிந்துகொள்வார்கள், பையன்கள் பின்வரிசையில் இருமுவார்கள். அதனால் அந்த வருஷம் பாம்பிலிருந்து தொடங்கினேன். பாம்பு என்றால் தோட்டத்துப் பிள்ளைகள் நிமிர்ந்து உட்காருவார்கள். இணையத்தில் ஒரு வீடியோவை இறக்கி, வகுப்புச் சுவரில் பெரிதாக விழ வைத்தேன். இராஜநாகம் நம் இலங்கையில் இல்லை. கடலுக்கு அந்தப் பக்கம், நம்முடைய ஆட்கள் புறப்பட்டு வந்த ஊர்களுக்கு மேற்கே, மழைக்காடுகளில் இருக்கிறது.

பெண் பாம்பு போகிற வழியெல்லாம் தன் உடம்பின் வாசனையை விட்டுச் செல்கிறது. ஆண் நாக்கை நீட்டி நீட்டி அதைப் பிடித்துக்கொண்டே வருகிறது. வழியில் இன்னோர் ஆண் எதிர்ப்பட்டால் இரண்டும் மல்லுக்கு நிற்கும். கடிக்காது. உடம்பை உயர்த்தி, ஒன்றையொன்று முறுக்கிக்கொண்டு, மற்றதன் தலையைத் தரையில் அமுக்கப் பார்க்கும். தலை அமுங்கினது தோற்றது. அது விலகிப் போய்விடும். வென்றது பெண்ணிடம் போய், அதன் முதுகில் தலையால் தடவி, தாடையால் இடித்து, சம்மதத்துக்குக் காத்திருக்கும். சில சமயம் அந்தப் பெண்ணையே கொன்றுவிடுவதும் உண்டு. இணை சேர்ந்தால் மணிக்கணக்கில் அசையாமல் கிடக்கும். அதற்குப் பிறகு ஆணுக்கு ஒரு வேலையும் இல்லை. பெண் மட்டும், வேறு பாம்புகள் செய்வதாகத் தெரியாத ஒரு காரியத்தைச் செய்கிறது. கூடு கட்டுகிறது. உடம்பை வளைத்து, சருகுகளை அணைத்து இழுத்து, மேடாகக் குவித்து, உள்ளே முட்டையிட்டு, மேலே சுருண்டு படுத்துக் காவல் இருக்கிறது. குஞ்சு வெளிவரும் காலம் நெருங்கும்போது எழுந்து போய்விடுகிறது.

பிள்ளைகள் வாயைப் பிளந்து பார்த்தார்கள். எனக்குச் சந்தோஷமாகத்தான் இருந்தது. அப்போது நன்றாகப் படிக்கிற ஒரு பிள்ளை எழுந்தாள்.

"டீச்சர், இது பொய். நாகத்துக்கு ஆம்பளை சாரைதானே? எங்க அப்பா கண்ணால பாத்திருக்காரு."

வகுப்பே தலையாட்டியது. நான் கரும்பலகையில் படம் போட்டேன். நாகம் வேறு இனம், சாரை வேறு இனம், இரண்டும் சேராது. சாரையில் ஆணும் உண்டு, பெண்ணும் உண்டு. தேயிலைக்குள் இரண்டு பாம்பு நிமிர்ந்து பின்னிக்கொண்டு நின்றால் அநேகமாக அது இரண்டு ஆண் சாரைகள் போடும் சண்டை. தொண்டை வறளச் சொன்னேன். முடித்ததும் அதே பிள்ளை கேட்டாள்.

"இது பரீட்சைக்கு வருமா டீச்சர்?"

"வராது."

எல்லாரும் கொப்பியை மூடிவிட்டார்கள்.

பள்ளிக்கூடம் விட்டு நான் லயத்துக்கு வந்தபோது எங்கள் வீட்டு இஸ்தோப்பில், அந்த வாசல் திண்ணையில், பெண்கள் கூட்டமாக நின்றார்கள். யாருக்கோ என்னவோ ஆகிவிட்டது என்று நினைத்து ஓடி வந்தேன். நடுவில் அத்தை வாயெல்லாம் சிரிப்பாக உட்கார்ந்திருந்தார். மடியில் பச்சைச் சேலை. பொங்கலுக்குக் கட்ட எடுத்து, மடிப்புக் கலையாமல் அலுமாரியில் வைத்திருந்தது. இப்போது அதில் சிவப்பு மண்ணும் இலைத்தூளும் அப்பியிருந்தன.

"கைகால் கழுவிட்டு வா புள்ள. ஒனக்கு நல்ல காலம் பொறந்திருச்சு."

நடந்தது இதுதான். மேல்மலையில் கொழுந்து எடுத்துக்கொண்டிருந்தபோது, மழைத்தண்ணி ஓடும் கானுக்குப் பக்கத்தில் இரண்டு பாம்புகள் பின்னிப் பிணைந்து ஆளுயரத்துக்கு எழும்புவதும் விழுவதுமாக இருந்திருக்கின்றன. எல்லாரும் அலறி விலகினார்கள். அத்தை மட்டும் கூடையை இறக்கிப் போட்டுவிட்டு லயத்துக்கு ஓடி வந்திருக்கிறார். இணை சேரும் பாம்புகள் மேல் கட்டாத புதுத் துணியைப் போட்டு எடுத்து, அதைப் பிள்ளையில்லாதவள் உடுத்தினால் வயிறு திறக்கும் என்பது நம்பிக்கை. சேலையை எடுத்துக்கொண்டு மறுபடி மலையேறி, கங்காணி கத்தக் கத்தக் கேட்காமல் கிட்டப் போய் வீசியிருக்கிறார். பாம்புகள் பயந்து ஆளுக்கொரு பக்கமாகப் போய்விட்டன.

பக்கத்து வீட்டு அக்கா அதைத் தன் போனில் பிடித்து வைத்திருந்தார். "பாருங்க டீச்சர், எப்பிடி ஆடுதுங்கன்னு."

பார்த்தேன். படம் எடுக்காத ஒடுங்கிய தலைகள். ஒன்றன் தலையை மற்றது அமுக்கி அமுக்கித் தள்ளுகிறது. காலையில் சுவரில் காட்டியதேதான். பாம்பு மட்டும் வேறு.

"அத்தை, ரெண்டும் சாரை. ரெண்டும் ஆம்பளைப் பாம்பு. சண்டை போடுதுங்க."

அந்த அக்கா சிரித்தார். "சண்டையா? டீச்சருக்குக் கட்டிப்புடிச்சா சண்டையாத் தெரியுது. அப்பறம் எப்பிடிப் புள்ள பொறக்கும்?"

கூட்டம் சிரித்தது. அத்தை சிரிக்கவில்லை. "வாய மூடுடி" என்று அவரை அதட்டிவிட்டு என்னைப் பார்த்தார். "நீ படிச்சவ, ஒனக்கு அப்பிடித் தெரியுது. எனக்கு இப்பிடித் தெரியுது. எனக்காக ஒருதரம் கட்டிக்க புள்ள."

அவருடைய கால்களில் தேயிலைத் தூர்கள் கீறின கோடுகள் இரத்தம் உறைந்து கிடந்தன. வெறும் முட்டாள்தனமாக மட்டும் இருந்திருந்தால் சேலையைத் தூக்கி எறிந்திருப்பேன். அந்தக் கால்களைப் பார்த்துவிட்டு எறிய முடியவில்லை. கட்டிக்கொண்டேன். பெண்கள் குலவை போட்டார்கள். மண் வாசனை அடிக்கும் அந்தச் சேலையில் நின்றபடி, பல்கலைக்கழகத்தில் விலங்கியல் படித்த நாட்களை நினைத்துக்கொண்டேன்.

அன்று சாயங்காலம் கணவர் வந்ததும் சொன்னேன். அவர் ரொட்டியைப் பிய்த்துக்கொண்டே, "அம்மா ஆசைப்படுது. கட்டிக்கிட்டா என்ன கொறைஞ்சு போகுது?" என்றார்.

"எனக்கு என்ன கொறையுதுங்கிறது இருக்கட்டும். நீங்க எப்ப டெஸ்டுக்கு வர்றீங்க?"

அவர் இன்னொரு ரொட்டியை எடுத்துக்கொண்டார். இரண்டு வருஷத்துக்கு முன்பே பதுளையில் ஒரு டாக்டரைப் பார்த்திருந்தோம். இரண்டு பேரும் சோதித்துக்கொள்ள வேண்டும் என்று அவர் தெளிவாகச் சொன்னார். என்னுடைய சோதனைகள் எல்லாம் முடிந்துவிட்டன. ஊசி, ஸ்கேன், வலி, எல்லாம். குறை ஒன்றும் இல்லை என்றார்கள். கணவருடையது ஒரே ஒரு சோதனை, வலியில்லாதது. அதற்கு முதலில் லோட் இருந்தது. பிறகு மழை, மண்சரிவு, பாதை மூடியிருந்தது. பிறகு தோட்டத்துத் திருவிழா. பிறகு லொறிக்கு டயர். "அடுத்த மாசம் புள்ள" என்ற அந்த மூன்று சொற்களை அவர் எவ்வளவு பிரியமாகச் சொல்வார் தெரியுமா. அந்தப் பிரியத்தினாலேயே என்னால் சண்டையும் பிடிக்க முடியாமல் போய்விடும்.

சேலைக்குப் பெயர் வந்துவிட்டது. மேல் லயத்திலிருந்து, அடுத்த டிவிசனிலிருந்து, பிள்ளையில்லாத பெண்களும் பிள்ளை இருந்தும் ஆண்பிள்ளை இல்லாத பெண்களும் வந்தார்கள். அத்தை அதைத் துவைக்கவே விடவில்லை. வந்தவர்களின் தோளில் கொஞ்சநேரம் போட்டு எடுப்பார். புதிதாகக் கல்யாணம் முடித்த ஒரு பெண்ணும் வந்தாள். கழுத்தில் மஞ்சள் கயிறு காயவில்லை. எதற்கு இவ்வளவு அவசரம் என்று நினைத்தேன். பொங்கலுக்குள் அவள் வாந்தி எடுத்தாள். வேலை முடிந்தது. அவளுக்கு எப்படியும் வரவேண்டிய பிள்ளை, என் அத்தையின் சேலையால் வந்த பிள்ளை ஆகிவிட்டது. அவளுடைய அம்மா ஒரு சீப்புக் கதலி வாழைப்பழத்தோடு வந்து அத்தையின் காலில் விழுந்தாள்.

அதோடு எல்லாம் என் பக்கம் திரும்பியது. சேலை வேலை செய்கிறது. எனக்கு மட்டும் செய்யவில்லை. அப்படியானால் கோளாறு யாரிடம்? அத்தை கோயில் பூசாரியிடம் வெற்றிலை வைத்துக் குறி கேட்டுவிட்டு வந்தார். நாகதோஷமாம். போன பிறவியில் நான் இணை சேரும் பாம்பைப் பிரித்தேனாம். "இந்தப் பிறவியில பிரிச்சது நீங்கதான் அத்தை, சேலையப் போட்டு" என்று சொல்ல நாக்கு நுனி வரை வந்தது. விழுங்கிக்கொண்டேன்.

வெள்ளிக்கிழமைகளில் கொழுந்து நிறுக்கும் மடுவத்துக்குக் கீழே இருக்கிற புற்றுக்குப் பால் கொண்டுபோக வேண்டும் என்றானது. பாம்பு பால் குடிக்காது என்று நான் வகுப்பில் சொல்வேன்; சாயங்காலம் அதே பிள்ளைகள் பார்க்க, செம்பைத் தூக்கிக்கொண்டு புற்றைச் சுற்றுவேன். பூசாரி ஒருநாள் என் முகத்தைப் பார்த்தே சொன்னார். "நம்பிக்கையில்லாம ஊத்துனா அது இறங்காதும்மா." ஊற்றினாலும் என் குற்றம், ஊற்றாவிட்டாலும் என் குற்றம்.

ஒரு போயா நாள், பௌர்ணமி விடுமுறை, மூன்று பேருக்கும் லீவு. அத்தை அடுத்த பரிகாரத்தைப் பற்றித் தொடங்கினார். என்னால் அதற்குமேல் முடியவில்லை. போனை எடுத்து இராஜநாக வீடியோவைப் போட்டு இருவருக்கும் நடுவில் வைத்தேன்.

"பாருங்க. இது ரெண்டும் ஆம்பளை. எப்பிடி அமுக்குது பாருங்க. இப்ப நம்ம தோட்டத்துப் பாம்பப் பாருங்க. ஒண்ணுபோல இருக்கா இல்லியா?"

அத்தை கண்ணாடியைப் போட்டுக்கொண்டு இரண்டையும் மாற்றி மாற்றிப் பார்த்தார். பிறகு இராஜநாகத்தை முழுவதுமாக ஓட விடச் சொன்னார். பெண் பாம்பு சருகைக் கூட்டி இழுக்கும் இடம் வந்ததும் அப்படியே குனிந்துவிட்டார்.

"கையில்லாத சென்மம். எப்பிடிக் கூட்டுது பாரேன்." குரல் இளகியிருந்தது. "ஆம்பளை எங்க?"

"போயிருச்சு அத்தை. அதுக்கு அதோட வேலை முடிஞ்சுச்சு."

"ம். போயிருக்கும்."

மாமா அத்தையை விட்டுப் போய் வெகுகாலமாகிறது. கொழும்பில் வேறு குடும்பம். அதை யாரும் பேசுவதில்லை. நானும் பேசவில்லை. வீடியோ முடிந்தது. அத்தை கண்ணாடியைக் கழற்றினார்.

"அப்ப மேல்மலையில பாத்தது ரெண்டுமே ஆம்பளைதானா?"

"ஆமா அத்தை." கடைசியில் புரிந்துவிட்டது.

"அதான பாத்தேன். அதான் ஒனக்குப் பலிக்கல. வேற ஒரு புதுச்சேலை எடுத்து வைக்கணும். இந்தவாட்டி சரியான சோடியாப் பாத்துப் போடணும்."

என் கணவர் சிரித்துவிட்டார். அத்தையின் பேச்சைவிட அந்தச் சிரிப்புத்தான் எனக்குத் தாங்கவில்லை. நான் எழுந்து உள்ளே போய் மாற்றிக் கட்ட இரண்டு சேலையையும் பள்ளிக்கூடப் பையையும் எடுத்துக்கொண்டு வந்தேன்.

"நா அப்புத்தளைக்குப் போறேன். டெஸ்டுக்கு வர்ற அன்னிக்கு வந்து கூப்பிடுங்க. அதுவரைக்கும் வரமாட்டேன்."

பஸ்ஸில் ஏறி, பதுளையில் மாறி, அம்மா வீட்டுக்குப் போய்ச் சேர்ந்தபோது மூடுபனியில் எதிர்வீடு தெரியவில்லை. அம்மா ஒன்றும் கேட்காமல் தேத்தண்ணி ஊற்றித் தந்தார். அங்கிருந்து நமுனுகுல பள்ளிக்கூடத்துக்குப் போய்வருவது எவ்வளவு பாடு என்பது அந்தப் பாதையில் பஸ்ஸுக்கு நின்றவர்களுக்குத்தான் தெரியும். இருட்டில் புறப்பட்டு, தூங்கி வழிந்தபடி பாடம் எடுத்து, மறுபடி பஸ். கணவர் தினமும் போன் எடுப்பார். சாப்பிட்டாயா, குளிரா, இருமல் எப்படி என்று கேட்பார். டெஸ்டைப் பற்றி மட்டும் வாய் திறக்க மாட்டார். பள்ளிக்கூடத்தில் நான் கோபித்துக்கொண்டு போன கதை எனக்கு முன்னால் வந்து சேர்ந்திருந்தது.

ஒரு பின்னேரம் அவர் லொறியோடு வந்தார். புகையிரத நிலையத்துக்குப் பக்கத்தில் நிறுத்திவிட்டு என்னை அழைத்தார். போய் முன்சீட்டில் ஏறி உட்கார்ந்தேன். பின்னால் ஏற்றியிருந்த கோவா, லீக்ஸ் மூட்டைகளின் வாடை. அவர் ஸ்டியரிங்கைப் பிடித்தபடி கண்ணாடிக்கு வெளியே பார்த்துக்கொண்டிருந்தார்.

"எனக்குத்தான் கொறைன்னு வந்துட்டா?"

"வந்தா மருந்து எடுப்போம்."

"அது இல்ல புள்ள. லயத்துல எப்பிடி மூஞ்சியக் காட்டுறது? லொறிக்காரனுங்க என்ன பேசுவானுங்கன்னு ஒனக்குத் தெரியாது."

எனக்குக் கோபத்தில் வார்த்தை சத்தமாக வந்தது. "ஆறு வருஷமா நா மூஞ்சியக் காட்டிக்கிட்டுத்தான இருக்கேன்? புத்து சுத்துனேன். அந்த மண்ணுச் சேலையக் கட்டிக்கிட்டு நின்னேன். ஒருநாளாச்சும் இவளுக்கு ஒண்ணுமில்லன்னு டாக்டர் சொல்லிட்டாருன்னு அம்மாகிட்டச் சொன்னீங்களா?"

தான் சொல்லவில்லை என்பது அப்போதுதான் அவருக்கே உறைத்ததுபோல் இருந்தது அவருடைய முகம். "திங்கக்கெழம போவோம்" என்றார். நான் நம்பவில்லை. ஆனால் திங்கட்கிழமை வந்தார்.

குறை அவரிடம்தான். விந்தணு எண்ணிக்கை குறைவு, பெரிய விஷயமில்லை, மருந்து இருக்கிறது, காலம் எடுக்கும், உறுதி சொல்ல முடியாது என்றார் டாக்டர். வெளியே வந்ததும் கணவர் ஒரு கடையில் இரண்டு தேத்தண்ணி சொன்னார். அதைக் குடிக்காமலே என் கையைப் பிடித்தார். "அம்மாகிட்ட இப்ப சொல்ல வேணாம். நா பாத்துச் சொல்றேன்."

பாத்துச் சொல்கிறேன் என்றால் அடுத்த மாசம் என்று எனக்குத் தெரியும். நான் லயத்துக்குத் திரும்பினேன். அத்தை எனக்காகப் பிடித்த கறியெல்லாம் சமைத்து வைத்திருந்தார். வெள்ளிக்கிழமை வந்ததும் பால் செம்பையும் எடுத்து வைத்தார். இதுவரை தெரியாமல் சுமந்ததை இனித் தெரிந்துகொண்டு சுமக்க வேண்டும். அதுதான் எல்லாவற்றையும்விடக் கசந்தது. நான் கணவரைப் பார்த்தேன். அவர் பார்வையைத் திருப்பிக்கொண்டார். இப்படிப் பல வெள்ளிக்கிழமைகள் போயின.

கடைசியில் அவர் சொன்னது நன்றாக யோசித்துச் சொன்னதல்ல. ஒருநாள் எனக்குக் காய்ச்சல். அப்படியும் அத்தை, "ஒரு வாரம் விட்டாலும் மொதல்லேருந்து தொடங்கணும்" என்று என்னை எழுப்பினார். நான் தலைமுடியைக் கட்டிக்கொண்டு எழுந்தேன். வாசலில் செருப்பை மாட்டிக்கொண்டிருந்த கணவர் திரும்பினார்.

"அம்மா, அவள விடு. கொறை எங்கிட்டதான். டாக்டர் சொல்லிட்டாரு. அவளுக்கு ஒண்ணும் இல்ல."

அத்தை மகனைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். நான் அழுகையை எதிர்பார்த்தேன், சண்டையை எதிர்பார்த்தேன். அவர் செம்பை எடுத்து மகனுடைய கையில் கொடுத்தார்.

"அப்ப தோசம் ஒனக்குத்தான். நீ நடடா."

அவர் நடந்தார். லயமே பார்க்க, லொறி ஓட்டுகிற ஆள் கையில் பால் செம்பு. நான் போர்வையைப் போர்த்திக்கொண்டு இஸ்தோப்பில் நின்று பார்த்தேன். சிரிப்பும் வந்தது, எரிச்சலும் வந்தது. இத்தனை வருஷம் நான் போட்ட சத்தம் ஓர் அடி நகர்த்தியிருக்கிறது. அதுவும் பாலை ஒரு கையிலிருந்து இன்னொரு கைக்கு.

அதன் பிறகு கிளினிக்குக்கும் அத்தை எங்களோடு வரத் தொடங்கினார். வேண்டாம் என்றாலும் கேட்பதில்லை. பிள்ளை இன்னும் இல்லை; மருந்து நடக்கிறது. போன முறை காத்திருப்போர் வாங்கில் எங்கள் இரண்டு பேருக்கும் நடுவில் உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் பண்டாரவளையிலிருந்து வந்த ஒரு முஸ்லிம் அம்மா, தன் மகளோடு. அந்த அம்மா என்னைக் காட்டி, "மருமகளுக்கா?" என்று மெதுவாகக் கேட்டார்.

"இல்லம்மா" என்றார் அத்தை, மலைக்கு மலை கூப்பிடுகிற அதே குரலில். "மருமகளுக்கு ஒரு கொறையும் இல்ல. எம் மகனுக்குத்தான்."

வாங்கில் இருந்த எல்லாரும் திரும்பினார்கள். கணவர் தரையைப் பார்த்துக்கொண்டு காதுவரை சிவந்துபோனார். அந்த ஒரு வாக்கியத்துக்காக நான் ஆறு வருஷம் காத்திருந்தேன். வந்தபோது அதைக் கேட்டுக்கொண்டிருக்க முடியவில்லை. அவருக்காகக் கூசினேன். கூசுகிறேனே என்று என்மேலேயே ஆத்திரமாக வந்தது. உள்ளேயிருந்து நர்ஸ் எங்களைக் கூப்பிட்டாள். நான்தான் முதலில் எழுந்தேன்.